செவ்வந்தி கன்று ஈன்ற படம்

கருமாபுரம் சமஸ்தானத்துத் திவான் வெங்கோப ராவுக்கு வெட்கம் ரொம்ப ஜாஸ்தி. அரண்மனைச் சித்திரத்தில் பசுவின் மடி தெரிகிறதென்று, அதற்கு வேட்டி வரையச் சொன்ன மகானுபாவர் அவர்.

அப்பேர்ப்பட்டவர் இருந்த சபையில்தான் அரண்மனைப் புகைப்படக்காரர் ஏகாம்பரம் தன் ஊமைப்படத்தை ஓட்டினார். ஒன்பது நாள் யானைக் கொட்டடியில் விழுந்து கிடந்து எடுத்த படம். அரண்மனை யானை செவ்வந்தி கன்று ஈனுவது அதில் முழுசாக இருந்தது. திவான் நாற்காலியை முன்னே இழுத்துப் போட்டு, கண் கொட்டாமல் கடைசிவரை பார்த்தார். படம் முடிந்ததும் இரண்டு கையாலும் முகத்தைப் பொத்திக்கொண்டார்.

"மானம் போச்சு மகாராஜா. பிறக்கிறதையா சபையில காட்டறது? கொளுத்திடச் சொல்லுங்கோ."

ராஜாவுக்குக் கன்றின்மேல் கொள்ளை ஆசை. திவானிடமோ பயம். அதனால் யோசிக்காமல் ஓர் உத்தரவு போட்டார்.

"ஏகாம்பரம், படத்தை வெட்டக்கூடாது, மறைக்கக்கூடாது. என் கன்னுக்குட்டி முழுசாத் தெரியணும். ஆனா அது வெளிய வர்றது மட்டும் தெரியக்கூடாது. நாளைக்குக் காட்டும். முடியலேன்னா நெருப்புதான்."

ஏகாம்பரத்தின் கையில் இருந்தது அந்த ஒரே படச்சுருள். நடப்பதையெல்லாம் பார்த்துவிட்டு நல்லவர் வேஷம் போடும் ஒருவருக்காக அதைச் சாம்பலாக்குவதா?

மறுநாள் சபை கூடியது. ஏகாம்பரம் சுருளின் கடைசி நுனியை முதலில் மாட்டி, கைப்பிடியைப் பின்னோக்கிச் சுற்றினார். திரையில் கன்று தள்ளாடிப் பின்னால் நடந்தது. விழுந்தது. அப்படியே நழுவித் தாயின் வயிற்றுக்குள் போய்விட்டது. செவ்வந்தி தின்ற ஓலையை வாயிலிருந்து முழுசாக எடுத்துக் கீழே வைத்தாள்.

திவான் துள்ளி எழுந்தார். "என்னய்யா கூத்து இது? கன்னு உள்ள போறது?"

"வெளிய வர்றதுதானே உங்களுக்கு ஆகலை? அதான் திருப்பி அனுப்பிட்டேன்" என்ற ஏகாம்பரம் ராஜாவைப் பார்த்துக் கைகட்டி நின்றார். "மகாராஜா, பிறந்தது மானக்கேடுன்னதும் கன்னுக்குட்டி வந்த வழியே போயிடுச்சு. திவான் அவர்களும் பிறந்தவர்தான். அவர் எப்போ திரும்பிப் போறாருன்னு கேட்டுச் சொல்லுங்க. கேமராவோட வந்துடறேன்."

ராஜா தலைப்பாகை அவிழச் சிரித்தார். கையிலிருந்த மோதிரத்தைக் கழற்றி ஏகாம்பரத்திடம் கொடுத்து, படத்தை நேராகவே இன்னொரு தரம் ஓட்டச் சொன்னார். திவான் மறுபடியும் முகத்தைப் பொத்திக்கொண்டார். இந்தத் தடவை விரல்களுக்கு நடுவே நல்ல இடைவெளி விட்டிருந்தார்.