எட்டுப் பேர் பார்த்த படம்

இருதயராஜ் இருபத்திரண்டு வருஷமாக நடிகர். ஒன்பது படங்கள். எல்லாமே பெரிய கம்பெனி எதுவும் தொடாத சின்னப் படங்கள். நாலுதான் தியேட்டரைப் பார்த்தன. தெருவில் யாராவது உற்றுப் பார்த்தால், "சார், நீங்க பேங்க்ல இருந்தீங்கல்ல?" என்பார்கள்.

பத்தாவது படத்தில்தான் கதாநாயகன் வேஷம் கிடைத்தது. சாக்கடைக் குழிக்குள் இறங்கிச் சாகும் தொழிலாளி. வெள்ளிக்கிழமை வெளியான படத்தைத் திங்களன்று தூக்கப்போவதாகச் சொல்லிவிட்டார்கள்.

ஞாயிறு காலை செண்பகவல்லியின் வீட்டுக்குப் போனார். அவருக்கு நடிப்புச் சொல்லிக்கொடுத்தவள். ஆறு வயது இளையவள்தான். ஆனாலும் அவருக்கு டீச்சர்.

"விட்டுடலாம்னு இருக்கேன், டீச்சர். யாருமே பாக்காத நடிப்பு எதுக்கு?"

செண்பகவல்லி செருப்பை மாட்டிக்கொண்டாள்.

"வாங்க. பதினோரு மணி ஷோவுக்குப் போவோம்."

அரங்கில் அவர்களைத் தவிர எட்டுப் பேர். அதில் இரண்டு பேர் ஏசிக்காக வந்து தூங்கிக்கொண்டிருந்தார்கள்.

கடைசிக் காட்சியில், திரையில் இருதயராஜ் குழிக்குள் அலறினார். நீண்ட அலறல். அதை எடுத்த அன்று டைரக்டர் அவரைக் கட்டிப்பிடித்து அழுதார். இப்போது பார்க்கும்போதும் அவருக்கே உடம்பு சிலிர்த்தது.

விளக்குகள் எரிந்தன. முன்வரிசையிலிருந்து ஒரு பெண் எழுந்து நேராக அவரிடம் வந்தாள்.

"போஸ்டர்ல இருந்தது நீங்கதானே?"

"ஆமாம்மா."

"எங்க வீட்டுக்காரரும் இப்படித்தான் போனாரு. ஒரு ஓட்டல் கழிவுத் தொட்டியில."

இருதயராஜ் எழுந்து நின்றார். கையைக் கூப்பினார். அவள் அதைக் கவனிக்கவில்லை.

"அவரு கத்தல. மேல நின்னவங்க சொன்னாங்க. கயிறு திடீர்னு கனத்துச்சாம், அவ்வளவுதான். கத்தியிருந்தா தூக்கியிருப்பாங்களே."

சொல்லிவிட்டு வெளியே நடந்தாள்.

இருதயராஜ் தியேட்டர் படிக்கட்டில் வந்து உட்கார்ந்தார். வெயில் சுட்டது. எழுந்து நிழலுக்குப் போகத் தோன்றவில்லை.

"தொண்டை கிழியக் கத்தினேன், டீச்சர். நான் நடிச்சதுலயே அதுதான் நல்லா வந்ததுன்னு இருந்தேன்."

செண்பகவல்லி அவர் பக்கத்தில் வந்து நின்றாள்.

"அந்தம்மா முகத்தைப் பாத்த பிறகு எனக்கு இந்தத் தொழிலே வேண்டாம். இன்னையோட விட்டுடறேன்."

எதிரே அந்தப் பெண் சாலையைக் கடந்து, பஸ் நிறுத்தத்துக் கூட்டத்தோடு கலந்தாள். அவள் மறையும்வரை செண்பகவல்லி பார்த்துக்கொண்டே நின்றாள்.

பிறகு சொன்னாள்:

"அடுத்த தடவை கத்தாதீங்க."