முதலைக் கொண்டு வந்த மாப்பிள்ளை

படகு நடு அணைக்குப் போயாச்சு. படகுக்காரர் கரையிலேயே நிற்கிறார்.

இப்படியும் நடக்குமா என்றால், மொட்டையாண்டிவலசுக்காரர்கள் ஏறின படகில் நடக்கும். படகுக்காரர் வஞ்சியப்பன் பாவம், "ஒரு பீடி பத்த வெச்சுட்டு வந்தர்றேன், எல்லாரும் ஏறுனதும் கயித்தை அவுத்துருங்க" என்று சொல்லிவிட்டு நாலு எட்டுத் தள்ளிப் போனார். மூன்று பேர் ஏறினார்கள். கயிற்றை அவிழ்த்தார்கள். மிச்சத்தைக் காற்று பார்த்துக்கொண்டது.

"சித்தப்பா, படகுக்காரரு இன்னும் ஏறலீங்களே" என்றான் சிகாமணி. மூன்று பேரில் அவனுக்குத்தான் கல்யாணம் ஆகவேண்டியிருந்தது. அதனால் கொஞ்சம் கவலைப்பட்டான்.

சித்தப்பா ராக்கியண்ணன்தான் அந்த ஊருக்கே புத்திசாலி. அங்கே புத்திசாலி என்றால் செருப்பை வலது இடது பார்த்து மாட்டுகிறவர் என்று அர்த்தம், வேறொன்றும் இல்லை.

"எல்லாரும்னா ஆரு கண்ணு? ஊர் சுத்திப் பாக்க வந்தவங்க. அவரு சுத்திப் பாக்கவா வந்தாரு? பொழப்புக்கு வந்தாரு. அவரு எல்லாருல சேர்த்தியில்ல."

"அப்பப் படகை ஆரு ஓட்றது?" என்றான் சிகாமணியின் மச்சான் வெள்ளியங்கிரி.

"அதை அவரு சொல்லல. சொல்லாததை நாம எதுக்குச் செய்யோணும்?"

இருவரும் தலையாட்டிவிட்டு வசதியாகச் சாய்ந்து உட்கார்ந்தார்கள்.

கரையில் வஞ்சியப்பன் குதித்தார். "துடுப்பைப் போடுங்க! அட, ரெண்டு துடுப்பையும் போடுங்கய்யா!"

படகு வலிப்பதைத்தான் துடுப்புப் போடுவது என்பார்கள். இது அணைக்கரையில் மேய்கிற ஆட்டுக்குக்கூடத் தெரியும். சிகாமணி ஒரு துடுப்பை எடுத்துத் தண்ணீரில் போட்டான். வெள்ளியங்கிரி இன்னொன்றைப் போட்டான். அவன் எறியவில்லை, மரியாதையாக மெதுவாகப் போட்டான்.

"போட்டாச்சுங்கோ! நல்லா மெதக்குதுங்கோ!"

வஞ்சியப்பன் மண்ணில் உட்கார்ந்துவிட்டார். "பாவிகளா, என் தலையில கல்லைப் போட்டுட்டீங்களே!"

ராக்கியண்ணனுக்குச் சுருக்கென்றது. நங்கூரத்துக்காகக் கயிற்றில் கட்டின கல் ஒன்று படகில் கிடந்தது. அதைத் தொட்டுப் பார்த்துவிட்டு எழுந்து நின்று கத்தினார்: "அபாண்டமாப் பேசாதீங்கோ! கல்லு இங்கயேதான் கெடக்குது! ஆரு தலையிலயும் இன்னும் போடலீங்க!"

வஞ்சியப்பன் தலையில் அடித்துக்கொண்டார். எழுந்து, எங்கேயாவது ஒரு பரிசல் கிடைக்குமா என்று கரையோடு ஓடினார்.

மலைக்கு அந்தப் பக்கம் இருக்கிறது அந்த அணை. பஸ்கூட மனசு வந்தால்தான் அங்கே வரும். ஆனாலும் ஜனங்கள் போகிறார்கள். படகில் ஒரு சின்னச் சுற்று, நாலு மான், அதிர்ஷ்டம் இருந்தால் யானை, ஒரு போட்டோ, ஒரு டீ, திரும்பி வீடு. சிகாமணி இது எதற்கும் வரவில்லை. அவன் முதலைக்கு வந்தான்.

காரணம் அவனுடைய மாமன் குட்டியப்பன். அணைக்கரையில் தோப்பு வைத்திருந்தார். அவர் மகள் கோகிலமணியைக் கேட்டுச் சிகாமணி போய் நின்றபோது, மேலும் கீழுமாக ஒரு பார்வை பார்த்துவிட்டுச் சொன்னார்: "ஏன் மாப்ள, வெறுங்கையை வீசீட்டு வந்து பொண்ணு கேட்டா ஆரு குடுப்பாங்க? போயி முதலைக் கொண்டாந்து காட்டு. அன்னைக்கே முடிச்சர்லாம். ஆடி பொறக்கறதுக்குள்ள காட்டல, மில்லுக்காரப் பையனுக்குக் குடுத்துருவேன், பொறவு என்னையக் குத்தம் சொல்லப்படாது."

அவர் சொன்னது தொழிலுக்குப் போடுகிற முதல். வேறு எவனாக இருந்தாலும் பேங்குக்குப் போயிருப்பான். சிகாமணி ஊருக்குப் போய்க் கேட்டான். ஊர் கூடி யோசித்தது.

"முதலை அவருக்கு எதுக்கு?"

"தோப்புக் கெணத்துல உடறதுக்கா இருக்கும். தேங்கா திருடறவன் பயப்படுவானல்ல?"

"நாயி வளத்தலாமே?"

"நாயி நீச்சல் அடிக்குமா நாள் பூரா?"

முடிந்தது தீர்மானம். நாளைக்கு ஆடி பிறக்கிறது. இன்றைக்குச் சாயங்காலத்துக்குள் முதலை கிடைக்காவிட்டால் கோகிலமணி மில்லுக்காரனுக்கு. சிகாமணி நேற்று ராத்திரி சோறு தின்னவில்லை. காதல் என்னவோ நிஜமான காதல்தான். அதை வைத்திருந்த தலைதான் சரியில்லை.

படகு போய்க்கொண்டே இருந்தது. கரையோடு ஓடிய வஞ்சியப்பன் ஒரு இடத்தில் நின்று தண்ணீரைப் பார்த்தார். பார்த்தவுடன் அலறினார்.

"தண்ணியில கையை விடாதீங்க! கையை விட்டுறாதீங்க!"

மூன்று பேரும் பாய்ந்து ஒருத்தர் கையை ஒருத்தர் பிடித்துக்கொண்டார்கள்.

"எது வரைக்கும் விடப்படாதாம் சித்தப்பா?"

"தண்ணியிலன்னாரல்ல. தண்ணியில இருக்கற மட்டும் விடப்படாது. கெட்டியாப் புடி."

வெள்ளியங்கிரியின் மூக்கில் ஒரு கொசு உட்கார்ந்தது. கையை விட முடியாது. அதனால் மூன்று பேரும் சேர்ந்து கைகளைத் தூக்கி, ராக்கியண்ணன் கட்டைவிரலால் அவன் மூக்கைச் சொறிந்துவிட்டார்கள். கொசு பறந்து போய்ச் சிகாமணி நெற்றியில் உட்கார்ந்தது. மறுபடியும் தூக்கினார்கள். இப்படியே கொஞ்ச தூரம்.

அந்த நேரம் பார்த்து எதிர்க்கரையில் யானைக் கூட்டமே இறங்கித் தண்ணீர் குடித்தது. குட்டி ஒன்று தும்பிக்கையால் தன் தலையில் தானே ஊற்றிக்கொண்டது. பட்டணத்துக்காரன் இதைப் பார்க்க ஒரு வருஷம் தவம் கிடப்பான்.

"அது முதலையா?" என்றான் வெள்ளியங்கிரி.

"இல்ல. யானை."

"அப்ப வேண்டாம்."

மூன்று பேரும் அந்தப் பக்கம் முதுகைக் காட்டித் திரும்பிக்கொண்டார்கள்.

கடைசியில் படகு ஒரு மண் திட்டில் போய் முட்டி நின்றது. இறங்கினார்கள். இது தண்ணி இல்லை, தரை. ஆகவே கையை விட்டார்கள். பத்தடிக்கு முன்னால் ஓர் ஆள் நீளத்துக்கு முதலை ஒன்று வாயை அகலத் திறந்து வைத்து வெயில் காய்ந்துகொண்டிருந்தது.

சிகாமணிக்குக் கண் கலங்கிவிட்டது. கோகிலமணியே அங்கே படுத்திருந்தாலும் அவ்வளவு சந்தோஷப்பட்டிருப்பானா தெரியாது. கை கூப்பினான்.

"ஏனுங்க, சித்தே எங்க மாமன் வூடு வரைக்கும் வந்துட்டுப் போனீங்கன்னா புண்ணியமாப் போவுமுங்க."

முதலை வாயை மூடவில்லை.

"வாயைத் தொறந்துட்டாரு, ஏதோ சொல்லப் போறாரு" என்றார் ராக்கியண்ணன். "கம்முனு கேளு."

காத்திருந்தார்கள். அது ஒன்றும் சொல்லவில்லை.

இதற்குள் வஞ்சியப்பனுக்குப் பரிசல் கிடைத்துவிட்டது; கூச்சல் கேட்டுத் தோப்பிலிருந்து ஓடி வந்த குட்டியப்பனும் அதில் ஏறிக்கொண்டார். கூப்பிடு தூரம் வந்ததும் வஞ்சியப்பன் குரலை அடக்கி, "வாயை மூடுங்கய்யா! வாயை மூடீட்டுப் பின்னால வந்துருங்க!" என்றார். பின்பாதி காற்றோடு போனது.

"வாயை மூடச் சொல்றாரு."

"நம்ம வாயி மூடித்தான இருக்குது?"

மூன்று பேரும் ஒருத்தர் வாயை ஒருத்தர் பார்த்துக்கொண்டார்கள். மூடித்தான் இருந்தது. பிறகு முதலையைப் பார்த்தார்கள்.

சிகாமணி போய், "தப்பா நெனச்சுக்காதீங்க" என்று சொல்லி, மேல்தாடையை அமுக்கி மூடி, தோளில் கிடந்த துண்டை எடுத்து முதலையின் வாயைச் சுற்றி இழுத்துக் கட்டினான். அந்த முதலையைப் பார்த்து ஓடியவர்கள் உண்டு, கல்லெறிந்தவர்கள் உண்டு. துண்டு கட்டிவிட்டவன் இதுவரைக்கும் இல்லை. என்ன செய்வதென்று தெரியாமல் அது அப்படியே கிடந்தது.

"மாமா!" என்று கத்தினான் சிகாமணி. "முதலைக் காட்டியாச்சுங்க! பாருங்கோ!"

பரிசல் அதற்கு மேல் ஒரு முழம் நகரவில்லை. குட்டியப்பன் துடுப்பைக் கெட்டியாகப் பிடித்துக்கொண்டு கத்தினார். "அட கூறுகெட்டவனே! நான் சொன்னது முதலுடா! முதலு!"

"ஆமாங்க, இதுதானுங்க முதலு! ரெண்டாவது தண்ணிக்குள்ள இருக்குதுங்க, அதையும் புடிச்சரட்டுங்களா?"

"அய்யோ வேண்டாஞ் சாமி!" பின்னால் எங்கோ தண்ணீர் களக்கென்றது. குட்டியப்பனுக்கு மில்லுக்காரப் பையன், ஆடி மாசம் எல்லாம் மறந்துபோனது. "எம் புள்ளையத் தர்றண்டா! மாசாணியாத்தா மேல சத்தியமாத் தர்றேன்! இப்பவே இங்கயே வாக்குக் குடுக்கறேன், ஓடி வந்து பரிசல்ல ஏறு!"

சிகாமணி ஓடிப் போயிருக்கலாம். பொண்ணு கிடைத்துவிட்டது. புத்தியுள்ளவன் திரும்பிப் பார்க்காமல் ஓடியிருப்பான்.

"நில்லு கண்ணு" என்றார் ராக்கியண்ணன். "வாக்கு வாங்கப் போறவன் தோள்ல துண்டு இல்லாமப் போறதா? மாமன் முன்னால மொட்டைத் தோளோட நிப்பியா? நம்ம சாதி சனம் காறித் துப்பாதா?"

நியாயம்தானே. சிகாமணி திரும்பிப் போய்த் துண்டை அவிழ்த்தான்.

முதலைக்கு அப்போதுதான் என்ன செய்வதென்று தெரிந்தது. துண்டின் ஒரு முனையைக் கவ்வியது. மறுமுனை சிகாமணி கையில். அது இழுத்தது. இவனும் இழுத்தான். வெள்ளியங்கிரி இவன் இடுப்பைப் பிடித்தான்.

"வெடுக்குனு இழுக்காத" என்றார் ராக்கியண்ணன். "கிழிஞ்ச துண்டு நிச்சயத்துக்கு ஆகாது."

"ஏனுங்க, சித்தே விடுங்க, மாமன் காத்திருக்காரு" என்று முதலையிடம் கெஞ்சினான் சிகாமணி. அது அவனைத் தரதரவென்று தண்ணீரை நோக்கி இழுத்துக்கொண்டு போனது. முழங்கால் நனைந்தது.

"துண்டை விட்றா!" வஞ்சியப்பன் அலறினார்.

"துண்டு வேண்டாண்டா, பொண்ணைத் தர்றேன், துண்டை விட்றா மாப்ள!" குட்டியப்பன் பரிசலில் மண்டியிட்டுக் கும்பிட்டார்.

இடுப்பு நனைந்தது. சிகாமணி மாமனைப் பார்த்துப் பணிவாகத் தலையை ஆட்டினான்.

துண்டை மட்டும் விடவில்லை.