கயிறு திரிப்பவன் எண்ணிய மூன்று வீடுகள்

வந்தவர்கள் உட்காருங்கள், வராதவர்களுக்குப் பிறகு நீங்களே போய்ச் சொல்லுங்கள். காற்றைத் தவிரக் கப்பலுக்கு வேறு விசை இல்லாத காலத்தில், கடலோரத்தில் நாரைத்துறை என்று ஓர் ஊர் இருந்தது. அந்த ஊருக்கு ஒரு ராஜாவும் இருந்தார். அவர் இந்தக் கதையில் வரமாட்டார். இப்படிப்பட்ட கதைகளில் ராஜாக்கள் வருவதில்லை.

ஊரில் பாதிப்பேர் கயிறு திரிப்பவர்கள். தேங்காய் மட்டையைக் கழியில் ஊறப்போட்டு, அடித்து, நாரெடுத்து, கப்பலுக்கு வடம் திரிப்பார்கள். இரண்டு கைகளையும் விரித்தால் ஒரு பாகம். பதினாறு பாகம் ஒரு வடம். கொடுக்கல் வாங்கல் எல்லாம் வடத்தில்தான் நடந்தது.

அவர்களிடம் ஒரு வழக்கம் இருந்தது. திரித்துக் கொடுத்த வடங்களைத் திரும்ப எண்ணக் கூடாது. எண்ணினால் அந்தக் கயிறு நடுக்கடலில் அறுந்துபோகும் என்று நம்பினார்கள். இந்த வழக்கத்தை யார் தொடங்கியது என்று யாருக்கும் தெரியாது. கயிற்றை வாங்குகிறவர்கள் அதை மிகவும் மெச்சினார்கள் என்பது மட்டும் தெரியும்.

அந்த ஊரில் அந்துவன் என்று ஒருவன் இருந்தான். அவன் மனைவி பெயர் வெண்ணி. இருவரும் சேர்ந்தால் மாதம் இரண்டு வடம் திரிப்பார்கள். கழிக்கரையில் வாடகைக் குடிசை. மழை வந்தால் பாயைச் சுருட்டிக்கொண்டு உட்கார்ந்திருப்பார்கள். தன் தலைக்கு மேல் தன் ஓடு வேண்டும் என்பது அந்துவனின் ஆசை. ஆசையில் தவறு ஒன்றுமில்லை. மனிதனாகப் பிறந்தவன் நனையாமல் தூங்க விரும்பத்தான் செய்வான்.

நன்னாகன் என்ற வணிகனுக்கு இது தெரிந்திருந்தது. அவன் மணல்மேட்டில் வரிசையாக ஓட்டு வீடுகள் கட்டினான். ஒருநாள் அந்துவனையும் வெண்ணியையும் கூட்டிப்போய் ஒரு வீட்டைத் திறந்து காட்டினான். உள்ளே சுண்ணாம்பு வாசனை. அடுக்களையில் புகை போகத் தனி வழி. வெண்ணி சுவரைத் தொட்டுப் பார்த்தாள். சுவர் காய்ந்திருந்தது.

"என்ன விலை ஐயா?" என்றான் அந்துவன்.

"விலை நூறு வடம். அதை நினைத்து நீ ஏன் மலைக்கிறாய்? மாதம் ஒரு வடம் கொடுக்க முடியுமா, முடியாதா? அதைச் சொல்."

"முடியும்."

"அப்படியானால் வீடு உன்னுடையது. இருபத்தைந்து வருடம் கொடு. நான் அதுவரை காத்திருக்கிறேன் அல்லவா, அதற்குக் கொஞ்சம் காத்திருப்புக் கூலி. எல்லாம் அந்த ஒரு வடத்துக்குள்ளேயே அடங்கிவிடும். தொடர்ந்து மூன்று மாதம் தவறினால் வீடு என்னிடம் திரும்பிவிடும். உன்னைப் போன்ற உழைப்பாளிக்கு அந்தப் பேச்சே வேண்டாம்."

வெண்ணி கணவன் பக்கம் திரும்பினாள். "மொத்தம் எத்தனை வடம் கொடுப்போம்?" என்று கேட்டாள்.

"வீடு பார்க்க வந்த இடத்தில் எண்ணாதே" என்று அந்துவன் பல்லைக் கடித்தான். "அபசகுனம்."

நன்னாகன் சிரித்துக்கொண்டான். அவன் ஒரு பொய்யும் சொல்லவில்லை என்பதை நினைவில் வைத்துக்கொள்ளுங்கள்.

மாதங்கள் ஓடின. அமாவாசைக்கு அமாவாசை அந்துவன் தோளில் ஒரு வடத்தைச் சுமந்துபோய் நன்னாகனின் கிடங்கில் போட்டுவிட்டு வந்தான். மீதி ஒரு வடத்தில் சோறு தின்றார்கள். முல்லி என்று ஒரு பெண் பிறந்தாள். நனையாத வீட்டில் வளர்ந்தாள். அதையும் சொல்ல வேண்டும்.

முல்லிக்குப் பால்பல் விழுந்த வருடம், கயிறு வாங்குகிறவர்கள் எல்லாரும் கூடிப் பேசி, வடத்துக்குக் கொடுக்கும் அரிசியைக் குறைத்தார்கள். கயிறு திரிப்பவர்களும் கூடிப் பேசினார்கள். பழைய அளவு அரிசி வரும்வரை கயிறு திரிக்கும் ராட்டில் கை வைப்பதில்லை என்று முடிவு செய்தார்கள். ஊர் அமைதியானது. மணல்மேட்டில் ஒரு வீட்டில் மட்டும் ராட்டுச் சத்தம் கேட்டது. அமாவாசை நெருங்கிக்கொண்டிருந்தது, அந்துவன் கதவைச் சாத்திக்கொண்டு திரித்தான். கதவு இன்னும் அவனுடையதாக ஆகவில்லை. சாத்திக்கொள்ள மட்டும் உரிமை இருந்தது.

ஒரு வீட்டுச் சத்தம் பத்து வீடாயிற்று. பத்து வீடு ஊராயிற்று. குறைத்த அரிசி குறைத்ததாகவே நின்றது. அன்றிலிருந்து அந்துவன் தெருவில் போனால், "வீட்டுக்காரர் வருகிறார், வழி விடுங்கடா" என்று ஒதுங்கி நின்றார்கள். யாரும் அவனோடு வெற்றிலை மாற்றவில்லை.

பாதிக் காலம் கழிந்தது. அந்த வருடம் ஒரே நேரத்தில் பல கப்பல்கள் கட்டினார்கள்; கயிற்றுக்கு நல்ல கிராக்கி. அந்துவன் கையில் பத்து வடம் மிஞ்சியது. அவன் தலை நிமிர்ந்து கிடங்குக்குப் போனான்.

"ஐயா, பாதிக் காலம் முடிந்தது. பாக்கி ஐம்பது. இதில் பத்து வடம் இருக்கிறது. இனி நாற்பதுதானே?"

நன்னாகன் அவனை உட்காரச் சொன்னான். மோர் கொடுத்தான். "பாக்கி எண்பது, அந்துவா" என்றான்.

அந்துவன் மோரைக் கீழே வைத்தான். "பாதிக் காலத்துக்குமேல் கொடுத்திருக்கிறேனே!"

"கொடுத்தாய். நான் மறுக்கவில்லை. முதல் மாதம் நீ கொண்டுவந்த பதினாறு பாகத்தில் பதினைந்து பாகம் என் காத்திருப்புக் கூலி. ஒரு பாகம்தான் வீட்டுக்குப் போயிற்று. அடுத்த மாதம் ஒரு பாகத்துக்கு மேல் ஒரு துளி. அதற்கடுத்த மாதம் இன்னொரு துளி. பாக்கி குறையக் குறையக் கூலி குறையும். கடைசி வருடங்களில் வேகமாக இறங்கும், பார்."

"இதை நீங்கள் சொல்லவே இல்லையே!"

"நீ கேட்டாயா?"

அந்துவன் கேட்கவில்லைதான். கேட்டவள் வாயையும் அடைத்தவன் அவன்.

"அந்தப் பத்து வடத்தை நீயே வைத்துக்கொள்" என்றான் நன்னாகன் கனிவோடு. "இத்தனை வருடம் பாடுபட்டிருக்கிறாய். வீட்டுக்கு ஒரு சித்திரக் கதவு போடு. உன்னைப் பேசினவர்கள் பார்க்கட்டும்."

அந்தப் பத்தை அன்றே பாக்கியில் கழித்திருந்தால், பின்னால் கொடுக்க வேண்டியதில் முப்பது வடத்துக்குமேல் குறைந்திருக்கும். அது நன்னாகனுக்குத் தெரியும். அந்துவனுக்குத் தெரியாது. அவன் சித்திரக் கதவு போட்டான். கதவில் அன்னமும் தாமரையும் இருந்தன.

"மொத்தம் எத்தனை?" என்று அன்று வெண்ணி இரண்டாவது தடவையாகக் கேட்டாள்.

"எண்ணக் கூடாது" என்றான். இம்முறை பயந்துதான் சொன்னான்.

இன்னும் பல வருடம் போயின. இருபத்தைந்தாவது வருடம் பிறந்து மூன்று மாதம் ஆனபோது பாக்கி ஒன்பது வடம்தான் இருந்தது. அப்போது பார்த்து, ஊறிய மட்டையிலேயே கிடந்த வெண்ணியின் விரல்கள் மரத்துப்போயின. கிண்ணத்தைக்கூட இரண்டு உள்ளங்கைகளுக்கு நடுவில் வைத்துத்தான் தூக்கினாள். அந்துவன் தனியாக மாதம் ஒரு வடம் திரித்தான். அதில் பெரும்பகுதி சோற்றுக்குப் போயிற்று. ஒரு அமாவாசை தவறியது. இரண்டாவதும் தவறியது. மூன்றாவதற்கு ஐந்து நாள் இருந்தது. வீட்டில் அரை வடம்தான் இருந்தது.

அப்போது நன்னாகன் அவன் வீட்டுக்கு வந்தான். அத்தனை வருடத்தில் அதுதான் முதல் தடவை. கதவைத் தடவிப் பார்த்துப் பாராட்டினான்.

"உப்பளத்துக்கு அந்தப் பக்கம் புது வரிசை கட்டியிருக்கிறேன். விலை, கெடு எல்லாம் உன் வீட்டுக்குப் போட்டதேதான். இந்தக் காலத்து இளசுகள் தயங்குகிறார்கள். நாளை அவர்களை இங்கே கூட்டிவருகிறேன். நீ இந்தக் கதவருகில் நின்று, 'நான் நன்றாக இருக்கிறேன்' என்று சொல். போதும். ஒன்பது வடமும் தள்ளுபடி. வீடு உன்னுடையது."

"நான் சொல்லாவிட்டால்?"

"நான் யாரையும் வற்புறுத்துவதில்லை. அமாவாசைக்கு முழு வடத்தோடு வந்துவிடு."

அவன் போனபின் வெண்ணி சொன்னாள்: "சொல்லிவிடுங்கள். இந்தக் கையை வைத்துக்கொண்டு என்னால் மறுபடி குடிசையில் ஒண்ட முடியாது. ஒரு வார்த்தைதானே?"

"முல்லியும் வருவாள். அவளைக் கட்டப்போகிற வேட்டனும் வருவான்."

வெண்ணி தன் விரல்களைப் பார்த்தாள். பிறகு மூன்றாவது தடவையாகக் கேட்டாள்: "மொத்தம் எத்தனை?"

அந்துவன் எண்ணினான். வருடத்துக்குப் பன்னிரண்டு என்று தரையில் கோடு போட்டு, வாழ்நாளில் முதல்முறையாக எண்ணினான். எண்ணி முடித்ததும் கோடுகளை அழிக்கவில்லை. அவன் திரித்த எந்தக் கயிறும் எந்தக் கடலிலும் அறுந்ததாகச் செய்தி வரவில்லை.

மறுநாள் நன்னாகன் இருபது முப்பது பேரோடு வந்தான். கதவருகில் யாரும் இல்லை. எதிரே வெறும் மணலில் அந்துவன் முளைக்குச்சி அடித்துக்கொண்டிருந்தான். வீடு கட்டும் முன் மனை பிடிப்பார்களே, அதுபோல நான்கு மூலைக்கும் குச்சி அடித்து, மிச்சமிருந்த அரை வடத்தைச் சுற்றி இழுத்து, கயிற்றோரமாக மணலில் கோடு கிழித்தான். பிறகு குச்சிகளைப் பிடுங்கி அடுத்த இடத்தில் அடித்தான். கயிறு ஒரு வீட்டுக்குத்தான் போதுமாக இருந்தது.

"பெரியவர் பாண்டி ஆட்டத்துக்குக் கட்டம் போடுகிறார்" என்றான் ஒருவன். "யாராவது நொண்டியடிக்கத் தயாரா?"

சிரித்தார்கள். வேட்டன் மட்டும் அருகில் வந்தான். "மாமா, இது என்ன?"

"வீடு. இது நான் குடியிருக்கும் வீடு. இதன் விலையைக் கொடுத்துவிட்டேன்."

"அடுத்த கட்டம்?"

"அதற்கும் கொடுத்துவிட்டேன்."

"அதில் யார் இருக்கிறார்கள்?"

அந்துவன் கோட்டுக்குள் நடந்தான். "இது அடுக்களை. இங்கே யாரும் சமைக்கவில்லை. இது படுக்கும் இடம். இங்கே யாரும் படுக்கவில்லை." மூன்றாவது கட்டத்துக்குள் போனான். "இதற்கும் கொடுத்துவிட்டேன். கொல்லைப்பக்கம் கொஞ்சம் கோடு விட்டிருக்கிறது பார், ஒன்பது வடம் பாக்கி. இந்த இரண்டு வீட்டிலும் யார் இருக்கிறார்கள் என்று கேட்டாயே? அதோ, ஐயாவின் மாளிகைக்கு மாடி எழுந்திருக்கிறதே, அங்கே போய்ப் பார்."

சிரிப்பு நின்றது. சிலர் கோட்டை மிதிக்காமல் தள்ளி நின்றார்கள்.

"அந்துவா!" என்றான் நன்னாகன். அவன் குரல் முதல்முறையாக உயர்ந்தது. "கொடுத்த கயிற்றை எண்ணுகிறாயா? உங்கள் வழக்கம் என்ன ஆயிற்று?"

"கயிற்றை எண்ணவில்லை ஐயா. வீட்டை எண்ணுகிறேன்."

நன்னாகன் கெட்டிக்காரன். கூட்டத்தின் பக்கம் திரும்பினான். "குடிசைக்கு வாடகை கொடுத்தவர்களைப் பாருங்கள். இருபத்தைந்து வருடம் கொடுத்தார்கள். அவர்களுக்கு என்ன மிஞ்சியது? இவனுக்கு வீடாவது உண்டு."

"ஐயா சொல்வது சரிதான்" என்றான் அந்துவன். "வாடகையில் ஒன்றும் மிஞ்சாது. இதில் ஒரு வீடு மிஞ்சும். மூன்று வீட்டு விலைக்கு ஒரு வீடு. வேண்டுமானால் வாங்குங்கள். எண்ணிவிட்டு வாங்குங்கள். ஒரு வடம் கூடுதலாகக் கிடைத்தால் முதலில் கடனில் போடுங்கள். அதைக் கொண்டுபோய்க் கதவில் போடாதீர்கள்."

அமாவாசை வந்தது. நீங்கள் ஒன்று எதிர்பார்ப்பீர்கள். ஊரார் ஆளுக்கு ஒரு பாகம் திரித்துக் கொடுத்து அவன் வடத்தை முழுதாக்கினார்கள் என்று நான் சொல்வேன் என்று எதிர்பார்ப்பீர்கள். அப்படி நடக்கவில்லை. ராட்டுச் சத்தத்தை அவர்கள் மறக்கவில்லை. அந்துவன் அரை வடத்தைத் தோளில் போட்டுக்கொண்டு, வெண்ணியின் கையைப் பிடித்துக்கொண்டு, கழிக்கரைக்கு இறங்கினான். சித்திரக் கதவு வீட்டோடு நின்றது. வழியில் ஒரு கிழவன் வெற்றிலை நீட்டினான். "வீட்டுக்காரரே" என்று அவன் கூப்பிடவில்லை. அவ்வளவுதான்.

முல்லியும் வேட்டனும் அப்போது புது வரிசையில் வீடு வாங்கவில்லை. ஏழு வருடம் குடிசையில் இருந்து, பாதி விலையைச் சேர்த்துக்கொண்டு நன்னாகனிடம் வந்து வீடு கேட்டார்கள். பாக்கிக்கு மாதம் ஒன்றரை வடம் கொடுத்தார்கள். நான்கு வருடத்துக்குள் வீடு அவர்களுடையதாயிற்று. காத்திருப்புக் கூலி கொஞ்சம்தான் போயிற்று. வெண்ணி அந்த வீட்டில் நனையாமல் செத்தாள்.

அந்துவன் விட்டுப்போன வீட்டை நன்னாகன் மறுபடி விற்பனைக்கு வைத்தான். ஓர் இளம் ஜோடி வந்தது. கதவில் இருந்த அன்னத்தை அந்தப் பெண் ரசித்துப் பார்த்தாள். பிறகு இடுப்பிலிருந்து கயிற்றையும் நான்கு குச்சிகளையும் எடுத்துத் தரையில் வைத்தாள்.

"மொத்தம் எத்தனை?" என்று கேட்டாள்.

நன்னாகன் மோர் கொடுத்துப் பார்த்தான். சிரித்துப் பார்த்தான். மாதம் ஒரு வடம்தானே என்று சொல்லிப் பார்த்தான். அவள் குச்சியைக் கையில் பிடித்தபடியே நின்றாள். கடைசியில், ஏறக்குறைய முந்நூறு என்று அவன் வாயாலேயே சொன்னான்.

கதை இதுதான், நீதி இதுதான்: கடனில் வாங்கும் வீட்டின் விலை முதல் நாள் சொன்னதோ மாதாமாதம் கேட்பதோ அல்ல, கடைசி நாள்வரை நீ கொடுத்துத் தீர்ப்பதே அதன் விலை என்பதால், அதை வாசற்படி ஏறும் முன்பே எண்ணிப் பார்.