மோர் வேண்டாம் என்றவள்

இதை எனக்கு முதன்முதலில் சொன்னது என் நாத்தனார் தெய்வாத்தாள். முருகன் புண்ணியத்தில் என் பெரியவளுக்குக் கல்யாணம் கூடிவந்த வருஷம், பங்குனி உத்திரம் முடிந்து பழநியிலிருந்து வந்திறங்கிய அன்றைக்கே சொன்னாள்.

கொடுமுடியில் காவிரித் தண்ணீர் எடுத்து, முருகன் அபிஷேகத்துக்கு நடந்தே கொண்டுபோகிற கூட்டத்தில் அவளும் போயிருந்தாள். குருசாமி ஒரு பெண், சரசாத்தாள். அவரிடம் புதிதாக மாலை போட்டவள் ருக்குமணி. குருசாமியைவிட வயதில் மூத்தவள். பேரன் பிழைத்து எழுந்ததற்கு நேர்ந்துகொண்ட நடை.

தாராபுரம் தாண்டி, ஒரு மோர்ப் பந்தலுக்குப் பக்கத்தில் ருக்குமணி உட்கார்ந்துவிட்டாள். தீர்த்தக் குடத்தைத் தெய்வாத்தாளிடம் கொடுத்தாள்.

“குருசாமியம்மா, முடியலீங்க. குதிகால் வெடிச்சு ரத்தம் வருது. உதடெல்லாம் எரியுது. எண்ணெய், க்ரீம் எல்லாம் போட்டுப் பார்த்துட்டேன். என்னை வேன்ல ஏத்தி வீட்டுக்கு அனுப்பிருவீங்களா?”

குருசாமி குதிகாலைத் தொட்டுப் பார்த்தார்.

“காலையில இருந்து என்ன குடிச்சீங்க?”

“ஒரு வாய் காப்பி.”

“மோர்?”

“வேண்டாம்னுட்டேன்.”

“வெள்ளரிக்காய் குடுத்தாங்களே.”

“அதுவும் தண்ணிதானுங்களே.”

தெய்வாத்தாள் சிரித்துவிட்டாள். “சாமி குளிரத் தண்ணி சுமக்குது. இது மட்டும் மொளகா வத்தலாட்டம் காயுது.”

“விரதமுங்களா அக்கா?” என்றார் குருசாமி.

“இல்லீங்க.” ருக்குமணி குரலைத் தாழ்த்தினாள். “குடிச்சா ஒதுங்கணும். ரோடு பூரா ஆம்பளைங்க. எங்கே போறது?”

குருசாமி பந்தலிலிருந்து தண்ணீர் கொண்டுவந்தார்.

அவள் காலைக் கழுவினார். ஈரம் காயும் முன்னே தேங்காய் எண்ணெய் தடவினார். பந்தலில் ஒரு சொம்பு மோர் வாங்கி, அண்ணாந்து பாதியைக் குடித்தார். மீதியை நீட்டினார்.

ருக்குமணி வாங்கவில்லை.

சொம்பை அவள் பக்கத்தில் வைத்துவிட்டு, குருசாமி எதிர்வீட்டுக் கதவைத் தட்டினார். ஒரு பெரியவர் வந்தார். கூட்டமே பார்த்துக்கொண்டிருந்தது.

“ஏனுங்க, எனக்கு ஒண்ணுக்குப் போகணும். உங்க கக்கூஸைக் கொஞ்சம் திறந்து விடுங்க.”

“பின்னால இருக்குதுங்க. வாங்க.”

குருசாமி முகத்தைத் துடைத்துக்கொண்டே திரும்பி வந்தார்.

ருக்குமணி மெல்லக் கேட்டாள். “அவரு ஒண்ணும் சொல்லலீங்களா?”

“சொன்னாரு. இன்னும் யாராச்சும் இருக்காங்களான்னாரு.”

ருக்குமணி சொம்பை எடுத்தாள். ஒரே மூச்சில் குடித்தாள். “இன்னொரு சொம்பு ஊத்துங்க” என்றாள்.

உங்கள் வீட்டு வழியாகப் பெண்கள் நடந்து போனால், மோர் கொடுக்கிற கையோடு பின்கதவையும் திறந்து விடுங்கள்.