ராஜா குடித்த ஊற்றுத் தண்ணீர்

வெகுகாலத்துக்கு முன்னே வெண்ணாறை என்ற நாட்டைத் திருமேனிராயர் என்றொரு ராஜா ஆண்டார். நல்ல மனுஷர்தான். ஆனால் ஓர் ஆசை தலைக்கேறினால் சுலபத்தில் இறங்காது. குதிரைமேல் இருந்த ஆசை தீர்ந்து, ரத்தினங்கள்மேல் இருந்த ஆசையும் தீர்ந்து, கடைசியில் கவி பாடவேண்டும் என்ற ஆசை வந்து சேர்ந்தது.

அந்த நாட்டின் தெற்கு மூலையில் முள்ளிக்கானம் என்று ஓர் ஊர். உடைமரமும் வெடித்த நிலமும் தவிர அங்கே ஒன்றும் கிடையாது. ஆனால் அரண்மனைப் பாட்டுப் போட்டியில் வருஷாவருஷம் பரிசை அந்த ஊர்க்காரர்களே தட்டிக்கொண்டு போனார்கள். அவர்கள் பாடினால் ராஜா சாப்பாட்டையும் மறந்து கேட்பார். அவைப்புலவர் பேரம்பலக் கவிராயருக்கோ வயிறு எரியும்.

அந்தப் பொட்டலில் எப்படி இத்தனை கவிகள் பிறக்கிறார்கள் என்று ராஜா ஒருநாள் கேட்டார். கவிராயர் யோசிக்கவே இல்லை.

"எல்லாம் அந்த ஊர் ஊற்றுத் தண்ணீர் செய்கிற வேலை, மகாராஜா. அதைத் தாங்கள் குடித்தால் தாங்களும் பாடலாம்."

அவ்வளவுதான், ஊற்றுக்குக் காவலர்களோடு வண்டிகள் போயின. தண்ணீர் வண்டி வண்டியாக அரண்மனைக்கு வந்தது. ராஜா காலையில் வெள்ளிக் கிண்ணத்தில் அதைக் குடித்துவிட்டு ஓலையோடு உட்கார்ந்தார். 'நிலா வட்டமாக இருக்கிறது' என்று ஒரு வரி வந்தது. அடுத்த வரி வரவில்லை. கூடுதலாகக் குடித்தால் வரும் என்றார் கவிராயர், வண்டிகளும் கூடின. தண்ணீரின் மகிமையைச் சந்தேகிப்பவர் பதவியை இழப்பார் என்று ஒரு கட்டளையையும் அவரே ராஜாவிடம் கேட்டு வாங்கிவிட்டார்.

அந்த வருஷப் போட்டிக்கு முள்ளிக்கானத்திலிருந்து ஒருவரும் வரவில்லை. மந்திரி அனவரதம் என்ன ஏது என்று நேரில் போய்ப் பார்த்தார். வண்டிகள் போனபிறகு ஊற்றில் சேறுதான் மிஞ்சியிருந்தது. சில குடும்பங்கள் மாடுகன்றுகளோடு ஊரைவிட்டே கிளம்பிக்கொண்டிருந்தன. மந்திரி யோசித்தார். தண்ணீரைக் குறை சொன்னால் பதவி போகும். பிறகு இவர்களுக்காகப் பேச அவையில் யார் இருப்பார்கள்?

திரும்பி வந்தவர் அவையில் எழுந்து, தண்ணீரை வாயாரப் புகழ்ந்தார்.

"தண்ணீரில் குறையில்லை, மகாராஜா. குடிக்கிற முறை, அதாவது அனுபானம்தான் தவறிவிட்டது. ஒரே மருந்து தேனில் குழைத்தால் ஒரு குணம், வெந்நீரில் கலந்தால் வேறு குணம் அல்லவா? முள்ளிக்கானத்தார் இந்தத் தண்ணீரை வெயிலில் வரிசையில் நின்று, தாமே சிரட்டையால் மொண்டு குடிக்கிறார்கள். தாங்களும் அப்படிக் குடித்துப் பார்க்கவேண்டும். கிரீடம் மட்டும் இந்த மருந்துக்கு ஆகாது."

அரண்மனை வைத்தியர் தலையாட்டினார். மறுத்தால் தண்ணீரையே சந்தேகித்ததாகும் என்பதால் கவிராயரும் தலையாட்டினார்.

ராஜா சாதாரண வேட்டி துண்டோடு முள்ளிக்கானத்து வரிசையில் போய் நின்றார். பின்னால், துணைக்கு வந்த கவிராயர், முகம் தெரியாதபடி முக்காடு போட்டுக்கொண்டு. மந்திரி தள்ளி ஒரு மரத்தடியில் இருந்தார். வெயில் ஏறியது. ஊற்றுக்குழியில் ஒரு சிரட்டை தண்ணீர் ஊறுவதற்குள் ராஜாவின் நாக்கு மேலண்ணத்தில் ஒட்டிக்கொண்டது. முன்னால் நின்ற இருளாயி என்பவள் தனக்குள் பாடிக்கொண்டிருந்தாள்.

"அக்கரை தெரியாத ஏரியிலே
ஆம்பல் பறிச்சதுண்டாம் முன்னே
வழிதப்பி வந்த கொக்கு கேக்குது
கரையிருக்கு, தண்ணி எங்கேன்னு"

இந்தப் பொட்டலில் ஏரி ஏது என்று ராஜா கேட்டார்.

"நீங்க நிக்கிறதே ஏரிக்குள்ளதான்" என்றாள் இருளாயி.

ராஜா சுற்றிலும் பார்த்தார். தூரத்தில் மேடாகத் தெரிந்தது கரை. நடுவில் பெரிதாக ஓர் உடைப்பு. முன்னொரு போரில் பகைவர் படையை மூழ்கடிக்க ஒரு ராஜா இந்தக் கரையை வெட்டச் சொன்னாராம். படை மூழ்கியது, போரிலும் ஜெயித்தாயிற்று, கரையை அடைக்க யாருக்கும் ஞாபகமில்லை.

"ஜெயிச்ச ராஜாவை அரண்மனையில பாடுறாங்க. போன ஏரியை நாங்க பாடுறோம்" என்றாள். அவள் ஏரியைப் பார்த்ததில்லை; அவளைப் பெற்றவளும் பார்த்ததில்லை. எல்லாம் பாட்டில் பார்த்ததுதான்.

அந்தப் போரை நடத்தியவர் ராஜாவின் பாட்டனார். அதை ஆயிரம் செய்யுளில் பாடியவர் பேரம்பலக் கவிராயர். அதில் ஏரி என்ற சொல்லே கிடையாது. ராஜா திரும்பிப் பார்த்தார். முக்காடு இன்னும் கீழே இறங்கியது.

இருளாயியின் முறை வந்தது. அவள் மொண்ட முதல் சிரட்டையை, வாடிப்போயிருந்த அந்த அந்நியரிடம் நீட்டினாள். அவர் குடித்து முடிக்கவும் அரண்மனை வண்டிகள் வந்து நிற்கவும் சரியாக இருந்தது. வண்டியோடு வந்த காவலன் ஒருவன் ராஜாவின் தோளைப் பிடித்துத் தள்ளினான்.

"ஒதுங்கு. இது ராஜாவுக்குப் போற தண்ணி."

"ராஜா குடித்தாயிற்று" என்றார் திருமேனிராயர்.

காவலன் முகத்தைப் பார்த்தான்; அப்படியே மண்ணில் விழுந்தான். ராஜா அவனை எழுப்பி, வண்டிகளை வெறுமையாகத் திருப்பி அனுப்பினார். கரையை அடைக்க அங்கேயே உத்தரவு போட்டார். அப்போதுதான் கவிராயர் முக்காட்டை நீக்கினார். ஏரி நிறைந்தால் இந்த ஊர்ப் பாட்டு வற்றிவிடும், நாட்டுக்கு அது பெரிய நஷ்டம் என்றார்.

"நியாயமான பேச்சு" என்று மந்திரி அருகில் வந்தார். "தாகம் கவிதைக்கு அவ்வளவு நல்லதென்றால், கரை அடைபடும்வரை கவிராயர் இங்கேயே குடியிருக்கட்டும். தினமும் வரிசையில் நிற்கட்டும். நாட்டுக்கு லாபம்தானே?"

ராஜா அதையும் உத்தரவாக்கினார். பிறகு இருளாயியிடம், பாட்டு நின்றுபோகுமா என்று மெதுவாகக் கேட்டார்.

"நின்னா நிக்கட்டும் சாமி. வயித்துக்குத் தண்ணி வரட்டும்" என்றாள் அவள்.

கரை எழுந்தது, மழையும் பெய்தது. வரிசையில் நின்ற நாட்களில் கவிராயர் தம் போர்க் காவியத்தைப் பிரித்து, ஏரியை உள்ளே வைத்துத் திரும்ப எழுதினார். கேட்ட பெண்கள் அங்கங்கே திருத்தினார்கள், அவரும் திருத்திக்கொண்டார்.

சில வருஷம் கழித்து ராஜா அங்கே போனார். ஊர் பாடிக்கொண்டுதான் இருந்தது. தூங்கவிடாத தவளைகளைத் திட்டி ஒரு பாட்டு, வலையில் சிக்காத விராலைக் கெஞ்சி ஒரு பாட்டு. ராஜா சிரித்துச் சிரித்துக் கண்ணைத் துடைத்துக்கொண்டார். அந்தப் பழைய கொக்குப் பாட்டு என்னவாயிற்று என்று இருளாயியைக் கேட்டார்.

"பிள்ளைங்களுக்குப் பாடிக் காட்டத்தான் செய்யறோம் சாமி" என்றாள் அவள். "நம்பமாட்டேங்குதுங்க. தண்ணியில்லாம ஒரு ஏரி இருக்குமான்னு கேக்குதுங்க."