சரிவில் போட்ட இலை

மலையைத் தவிர வேறொன்றும் இல்லாத சீமை அது. தரையில் ஒரு கோழிமுட்டையை வைத்துவிட்டுத் திரும்பினால், அது உருண்டு பக்கத்து ஊருக்குப் போயிருக்கும். அந்தச் சரிவிலும் ஜனங்கள் கல்லடுக்கி வரப்பு கட்டினார்கள். பள்ளத்திலிருந்து கூடை கூடையாக மண் சுமந்து கொட்டி, படிப்படியாக வயலாக்கி, சாமையும் இஞ்சியும் விளைவித்துச் சாப்பிட்டார்கள்.

நாட்டை ஆண்ட குன்றுடைய ராஜா நல்ல மனுஷர்தான். ஆனால் மழை என்றால் அவருக்கு ஆகாது. ஆனி பிறந்ததும் பல்லக்கேறிக் கீழ்நாட்டு அரண்மனைக்குப் போய்விடுவார். மழை முழுக்க ஓய்ந்த பிறகுதான் திரும்புவார். அதனால் தன் மலையில் மழை பெய்தால் என்ன ஆகும் என்று இத்தனை வருஷம் ஆண்டும் அவருக்குத் தெரியாது.

அவருக்குப் படைத்தலைவர் ஒருவர் இருந்தார், தளவாய் வீரபத்திரர். சண்டையே வராத நாட்டில் தளவாய்க்கு என்ன வேலை? யோசனை சொல்வதுதான். ராஜாவுக்கு ஒரு வசந்த மண்டபம் வேண்டும் என்றார். கல்லுக்கு அலைய வேண்டாம், சரிவு முழுக்க அடுக்கித் தயாராக வைத்திருக்கிறார்களே என்றார். ராஜாவுக்கு மண்டபம் கண்முன்னே எழும்பி நின்றுவிட்டது. மழைக்கு முன்னால் வரப்புக் கல் எல்லாவற்றையும் பெயர்த்துக்கொண்டு வரும்படி கட்டளை போட்டுவிட்டார்.

நாலு வரப்பைப் பெயர்ப்பதற்குள் மேல்சரிவு ஜனங்கள் அரண்மனைக்கு ஓடி வந்தார்கள். அவர்களுக்காகப் பேசியவள் சடைச்சி. இஞ்சி போட்டு மூன்று பெண்களைக் கரையேற்றியவள், யாருக்கும் பயப்படாதவள்.

"கல்லை எடுத்தா மண்ணு நிக்காது சாமி. ஒரு மழைக்குத் தாங்காது. அடியில வெறும் பாறை. பாறையில என்னத்த விதைப்போம்?"

ராஜா சிரித்தார். "நான் எடுப்பது கல்லைத்தானே அம்மா? மண் அங்கேயேதானே இருக்கப் போகிறது?"

சபையும் சிரித்தது. செவ்வந்தியப்பர் மட்டும் சிரிக்கவில்லை. சபையைச் சிரிக்க வைப்பதற்காகவே மானியம் வாங்குகிறவர் அவர். சடைச்சி போகும்போது அவளை நிறுத்தி, ரசத்துக்குக் கொஞ்சம் இஞ்சி இருக்கிறதா என்று கேட்டார். வயல் போகிற நேரத்தில் இந்த மனுஷனுக்கு ரசமா என்று அவளுக்குப் பற்றிக்கொண்டு வந்தது. ஆனாலும் மடியிலிருந்ததை எடுத்துக் கொடுத்துவிட்டுப் போனாள்.

செவ்வந்தியப்பர் வீட்டு ரசம் என்றால் ராஜாவுக்கு உயிர். மறுநாள் மத்தியானம் விருந்துக்கு வரும்படி அழைப்பு வந்ததும் தளவாயையும் கூட்டிக்கொண்டு கிளம்பிவிட்டார்.

அங்கே போனால் இலை போட்டிருந்த பலகை ஒரு பக்கம் தூக்கி, ஒரு பக்கம் தாழ்ந்து கிடந்தது. மேல்முனையில் ராஜாவை உட்கார வைத்தார் செவ்வந்தியப்பர். தளவாயைக் கீழ்முனையில் உட்கார வைத்தார். தளவாய் புதுச் சரிகை வேஷ்டி கட்டிக்கொண்டு வந்திருந்தார். இது என்ன கோணல் என்று ராஜா கேட்டார். நம் நாட்டில் சமதரைக்கு எங்கே போவேன் என்றார் செவ்வந்தியப்பர்.

சோறு வந்தது. ரசம் வருகிறது என்றதும் ராஜாவின் கை தன்னால் சோற்றின் நடுவில் குழி பறித்து, சுற்றிலும் கரை கட்டியது. நம்மில் யார்தான் கட்டமாட்டோம்? உடனே செவ்வந்தியப்பர் கரண்டியால் அந்தக் கரையைத் தட்டிச் சமமாக்கிவிட்டார்.

"மன்னிக்க வேண்டும் மகாராஜா. வரப்பு கூடாது என்று கட்டளை. நான் எடுத்தது கரையைத்தான். சோறு அங்கேயேதான் இருக்கப் போகிறது."

ராஜா வாய் திறப்பதற்குள் பரிசாரகர் ஒரு கரண்டி ரசத்தை ஊற்றினார். ரசம் நிற்குமா? சோற்றையும் வாரிக்கொண்டு இறங்கியது. நேராகத் தளவாயின் சரிகை வேஷ்டியில் போய் விழுந்தது. நல்லவேளை, ஆறின ரசம். ராஜா பதறிப்போய் உள்ளங்கையை இலையின் குறுக்கே வைத்துத் தடுத்தார்.

"கையை எடுக்க வேண்டும் மகாராஜா. அதுவும் வரப்புதான்."

"எடுத்தால் மிச்சச் சோறும் போய்விடுமே!"

சொல்லிவிட்டு ராஜா இலையைப் பார்த்தார். சோறு இருந்த இடத்தில் இப்போது வெறும் இலை பளபளத்தது. சடைச்சி பாறை என்று சொன்னது அப்போதுதான் அவருக்கு உறைத்தது. அவளைப் பார்த்துச் சிரித்ததை நினைத்து வெட்கமாகவும் இருந்தது.

ஆனால் தளவாய் அவ்வளவு லேசில் விடுகிற ஆளா? வேஷ்டியை உதறிக்கொண்டே பேசினார். போனது ஒரு கரண்டி ரசம், நாலு பருக்கை சோறு. இதற்காகவா ஒரு மண்டபத்தை விடுவது? ராஜா தாராளமாகக் கையை எடுக்கலாம் என்றார்.

செவ்வந்தியப்பர் பணிவாகத் தலையசைத்தார்.

"தளவாய் சொன்னால் சரி. ஆனால் இது முதல் மழைதான். அடுத்து மோர் வருகிறது."

பரிசாரகர் பெரிய செம்போடு வந்து நின்றார். தளவாய் செம்பைப் பார்த்தார், தன் மடியைப் பார்த்தார். அடுத்த நிமிஷம் இரண்டு கையாலும் சோற்றை அள்ளி அள்ளித் தன் இலையின் குறுக்கே கரை கட்டத் தொடங்கிவிட்டார்.

ராஜா சிரித்த சிரிப்பில் புரையேறிவிட்டது. கட்டளையை அங்கேயே ரத்து செய்தார். செவ்வந்தியப்பருக்குத் தன் சால்வையைப் போர்த்தினார். ஏற்கெனவே பெயர்த்த வரப்புகளைத் தளவாய் மழைக்கு முன்னால் சடைச்சி சொல்கிறபடி கூடவே நின்று கட்டித் தர வேண்டும் என்றார்.

தளவாய் மறுபேச்சுப் பேசவில்லை. பரிசாரகர் இன்னும் செம்பைக் கீழே வைக்கவில்லை.