கயிற்றைக் கழற்றி வைத்துக் குடித்தவர்

"சாமி, மூக்கம்மா என்னைய வையிறத விட்டுட்டா."

மூக்கம்மா மாயழகுவின் மனைவி. அவருக்கு ஐம்பத்தாறு வயது. இனிமேல் குடிப்பதில்லை என்று சத்தியம் செய்து கோயிலில் கயிறு கட்டிக்கொள்வதில் அவரை மிஞ்ச அந்தப் பக்கம் ஆள் கிடையாது.

கயிறு கட்டிவிடும் சாமி அவரைவிடப் பத்து வயது இளையவர்.

"வையலைன்னா நல்லதுதானே அண்ணே?"

"அதான் சாமி புரியல. முந்தியெல்லாம் அழுவா. பெறகு நாக்கப் பிடுங்குற மாதிரி கேப்பா. இப்பச் சோத்த வச்சுட்டுப் பேசாமப் போயிடுறா. எனக்குப் பயமா இருக்கு."

"நான் கட்டின கயிறு எங்க?"

மாயழகு மடியிலிருந்து எடுத்துக் காட்டினார்.

"கயித்தோட ஒரு சொட்டு தொட்டதில்ல சாமி. கழட்டிச் சாமி படத்துக்கிட்ட வச்சுட்டுத்தான் கடைக்கே போவேன். காலையில குளிச்சுட்டுத் திரும்பக் கட்டிக்கிருவேன்."

முகத்தில் கொஞ்சம் பெருமைகூடத் தெரிந்தது. மனுஷன் தெய்வக் குற்றம் வராமல் குடித்திருக்கிறார்.

"ஒத்தக் கையால எப்படிக் கட்டுவீங்க?"

"அவதான் கட்டிவிடுவா. இன்னைக்குக் கைய நீட்டுனேன். பாத்தும் பாக்காத மாதிரி அடுப்படிக்குப் போயிட்டா."

சாமி தன் கையை நீட்டினார்.

"எனக்குக் கட்டுங்க."

மாயழகுவுக்கு ஒன்றும் விளங்கவில்லை. கட்டினார்.

சாமி அவிழ்த்து அவர் மடியில் போட்டுவிட்டு மறுபடி கையை நீட்டினார்.

கட்டினார். அவிழ்த்தார்.

"முடிச்சு சரியா விழலையோ?" என்று மாயழகு இறுக்கிக் கட்டினார். சாமி பல்லால் கடித்து அவிழ்த்தார்.

"அவுக்காதீக சாமி, ஒங்களுக்குப் புண்ணியமாப் போகும்."

சாமி அவிழ்த்தார்.

மாயழகுவுக்குக் கோபம் பொத்துக்கொண்டு வந்தது. "அவுக்கத்தான் போறீகன்னா எதுக்குக் கட்டச் சொல்றீக? என்னையப் பாத்தாக் கேனையன் மாதிரி இருக்கா?"

சாமியின் கை மட்டும் நீண்டது.

வெயில் ஏறிவிட்டது. எத்தனை தடவை கட்டினோம் என்பது மாயழகுவுக்கு மறந்துபோனது. விரல் நுனி எரிந்தது. அவர் சாமியின் முகத்தைப் பார்ப்பதையே விட்டுவிட்டார். கை பாட்டுக்குக் கட்டிக்கொண்டிருந்தது.

"என்னண்ணே, இப்ப ஒண்ணும் கேக்க மாட்டேங்கிறீங்க?"

"கேட்டு என்னத்த ஆகப் போகுது? நீங்க அவுக்கத்தான போறீக."

சொன்ன வாய் மூடவில்லை. பாதி முடிச்சில் விரல்கள் நின்றுவிட்டன.

"ஐயோ, மூக்கம்மா" என்றார் மாயழகு.